கால் நம்பாத மணல்

என்னைக் கட்டிக்கொண்டவர் கடலுக்குப் பயந்தவர் அல்ல. சுறா வந்து கட்டுமரத்தை முட்டினாலும் வாயிலிருக்கும் பீடியைக் கீழே போடாத ஆள். அவருக்குப் பயம் மணல்மேல். மீன்பிடிக் குப்பத்தில் பிறந்து, மணலில் தவழ்ந்து, மணலில் படுத்துத் தூங்கி வளர்ந்த மனிதருக்கு மணல்மேல் பயம் என்றால் யார் நம்புவார்கள்? நானும் நம்பவில்லை. கல்யாணமான மறுநாள் காலையில் கண்ணால் பார்த்த பிறகுதான் நம்பினேன்.

நான் ராயபுரத்துப் பெண். ரயில் சத்தத்திலும் துறைமுகத்துச் சங்கு சத்தத்திலும் வளர்ந்தவள். உன் வாயும் அந்தச் சங்கு மாதிரிதான் என்று என் நைனா சொல்வார். என் வீட்டுக்காரரின் குப்பம் திருவொற்றியூரைத் தாண்டி, எண்ணூர் போகிற வழியில் இருந்தது. ஜப்பான்காரன் வருகிறான் என்று பட்டணமே மூட்டை கட்டிக்கொண்டு ஓடிய வருஷத்தில், கரையில் பிழைப்பில்லாமல் அவர் பட்டாளத்தில் சேர்ந்தார். பர்மாப் பக்கம் அனுப்பினார்கள். அங்கே அவருக்குக் கண்ணிவெடி எடுக்கிற வேலை. எதிரி மண்ணுக்குள் புதைத்துவிட்டுப் போனதையெல்லாம் தேடி எடுத்து, பின்னால் வருகிற பட்டாளத்துக்கு வழி செய்து கொடுப்பார்கள். சண்டை முடிந்து ஊர் வந்தார். கைகால் எல்லாம் சரியாக இருக்கிறதா என்று என் நைனா ஒரு முறைக்கு இரண்டு முறை பார்த்துவிட்டு, அந்த மாசமே கல்யாணத்தை முடித்தார். அந்தக் கால் சொன்ன பேச்சைக் கேட்காது என்பது அப்போது யாருக்கும் தெரியாது.

குப்பத்துத் தெரு, கிளிஞ்சல் கொட்டி மிதித்து மிதித்துக் கெட்டியான தரை. அதில் அவர் ராஜா மாதிரி நடப்பார். தெரு முடிந்ததும் காய்ந்த மணல், அகலமாக. அதற்கு அப்பால் அலை வந்து போகிற ஈர மணல். ஈர மணலிலும் அவருக்குப் பயமில்லை. அலை தட்டித் தட்டிச் சமன் செய்கிற இடத்தில் எவனும் எதையும் ஒளிக்க முடியாதாம். நடுவில் இருக்கிற அந்தக் காய்ந்த மணல்தான் வில்லங்கம். கல்யாணத்துக்கு மறுநாள் காலையில் அதன் ஓரத்தில் வந்து நின்றவர் நின்றபடியே இருந்தார். வலையைத் தோளில் போட்டுக்கொண்டு நிற்கிறார், நிற்கிறார், நகரவே இல்லை.

"இன்னாய்யா, நின்னுகினே கீற?" என்றேன்.

"யார்னா போவட்டும். அவன் கால் வெச்ச எடத்துல வெச்சி பின்னாடியே போறேன்."

விஷயத்தைக் கேட்டுத் தெரிந்துகொண்டதும் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "இங்க எவன்யா பொதச்சான்?"

"எவனும் பொதைக்கல. எனக்குத் தெரியும். காலுக்குத் தெரியலமே."

கூட வேலை செய்பவர்கள் இருட்டோடு போய்விடுவார்கள். இருட்டில் காலடி தெரியாது. வெளிச்சம் வருவதற்குள் காற்று அடித்து அவர்கள் சுவட்டை மூடிவிடும். அதனால் இவர் விடிந்த பிறகு, எவனாவது அந்தப் பக்கம் வருகிறானா என்று காத்திருந்து, கட்டுமரத்துக்குத் தாமதமாகப் போய்ப் பேச்சு வாங்குவார். எனக்குப் பொறுமை என்பது பிறவியிலேயே கிடையாது. "வாய்யா, நான் போறேன் முன்னாடி" என்று புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு மணலில் இறங்கிவிட்டேன். கிழக்கே வெளுக்கும்போதே நான் முன்னால், அவர் என் சுவட்டில் பின்னால். அன்றிலிருந்து தினமும் அப்படியே நடந்தது. சில நாள் வேண்டுமென்றே கோணல்மாணலாக நடப்பேன். அவரும் கோணல்மாணலாகவே வருவார். பாண்டி ஆடுகிற மாதிரி ஒற்றைக் காலில் தாவுவேன். வலையைச் சுமந்துகொண்டு அவரும் தாவுவார். ஈர மணலில் போய் நின்று நான் விழுந்து விழுந்து சிரிப்பேன். அவர் மட்டும் சிரிக்க மாட்டார். கூச்சம் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

அவரைக் கேலி செய்ய எனக்கு வாய் இருந்ததே தவிர, யோக்கியதை இல்லை. புதுப் பெண்ணாக அந்த வீட்டுக்குள் நுழைந்த எனக்கும் எங்கே கால் வைத்தால் என்ன வெடிக்கும் என்று தெரியாமல்தான் இருந்தது. மாமியாரிடம் அவருடைய கூடப்பிறந்த தம்பியைப் பற்றிக் கேட்கக் கூடாது. குழம்பில் புளி கம்மி என்று சொல்லவே கூடாது. எண்ணூர்ச் சந்தையில் காணாமல் போன கோழியைப் பற்றி மூச்சு விடக் கூடாது. இதையெல்லாம் எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. ஒவ்வொன்றாக மிதித்து, ஒவ்வொன்றாக வெடித்துத்தான் தெரிந்துகொண்டேன். ஆனால் என் மாமியார் வெடிக்கிற ஜாதிதானே தவிர, புகைகிற ஜாதி இல்லை. வெடித்த அரை மணியில் தட்டில் சோறு போட்டு, "துண்ணுமே" என்பார்.

குப்பத்துக்கு ஒரு வழக்கம் உண்டு. கடலுக்குப் போகிற ஆம்பளைக்கு எதிரே பெண் வரக் கூடாது, முன்னாலும் போகக் கூடாது. மீன் விலகிப் போய்விடும் என்பார்கள். ராயபுரத்திலும் இது உண்டுதான். நான்தான் எதையும் காதில் போட்டுக்கொண்டதில்லை. முதலில் பெண்கள் கேலியோடு விட்டார்கள். "இன்னாமே, புருஷன ஓட்டிகினு போறியா?" என்பார்கள். "ஆமா, மேய்ச்சலுக்கு" என்பேன். பிறகு கடல் வறண்டது. வலை போட்டால் நாலு காரப்பொடி மீன், ஒரு நண்டு. வருஷா வருஷம் அந்த மாசத்தில் அப்படித்தான் இருக்கும். இருந்தாலும் அந்த வருஷம் பழி போட ஓர் ஆள் கிடைத்துவிட்டாளே, விடுவார்களா?

அம்மன் கோயில் முன்னால் பஞ்சாயத்து கூடியது. ஊர்ப் பெரியதனக்காரர் நல்ல மனுஷன். யாரையும் கடிந்து பேச வராது. அதனால் பேச வேண்டியதை மணலைப் பார்த்தே பேசினார். "நாளைக்குக் காலைல அவன் கட்டுமரத்துக்கு வரணும். பொம்பள முன்னாடி வரக் கூடாது. எவன் பின்னாடியும் அவன் வரக் கூடாது. இல்லேன்னா அவன் எடத்துக்கு வேற ஆள். பங்கும் கெடையாது" என்றார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கட்டுமரத்தில் இடம் இல்லை என்றால் அந்தக் குப்பத்தில் ஒருவனுக்கு ஒன்றுமே இல்லை. துறைமுகத்தில் மூட்டை தூக்கத்தான் போக வேண்டும். கடலில் அவ்வளவு சந்தோஷமாக இருக்கிற மனிதரை மூட்டைக்கு அடியில் நினைத்துப் பார்க்க எனக்கு மனம் வரவில்லை. நான் வாயைத் திறப்பதற்குள் அவர் எழுந்தார்.

"நடந்துதான் வரணுமா? வேற மாரி வந்தா?"

"பறந்துனா வா நைனா, எனக்கு இன்னா" என்றார் பெரியதனக்காரர்.

மறுநாள் விடிந்ததும் அவர் என் மாமியாரிடம் போய், கூரை வேய்கிற நீள இரும்பு ஊசியைக் கேட்டார். பிறகு ஒரு பழைய வெள்ளைப் புடவை கேட்டார். மாமியார் தன் புடவை ஒன்றை எடுத்துக் கொடுத்து, "கிழிக்காத" என்று சொல்லி முடிப்பதற்குள் அது நாடா நாடாவாகக் கிழிந்திருந்தது. ஒரு கட்டு சவுக்குக் குச்சியையும் எடுத்துக்கொண்டு மணலின் ஓரத்துக்குப் போனவர், குப்புறப் படுத்தார்.

குப்பமே திரண்டுவிட்டது. அன்று ஒரு கட்டுமரமும் கடலுக்குப் போகவில்லை. இப்படி ஒரு கூத்தை விட்டுவிட்டு யார் போவார்கள்? அவர் ஊசியைச் சாய்த்து மணலில் மெல்லச் செருகினார். எடுத்தார். விரற்கடை தள்ளி மறுபடி செருகினார். இந்தத் தோளிலிருந்து அந்தத் தோள் வரை இப்படிக் குத்திப் பார்த்துவிட்டு, ஒரு சாண் முன்னால் ஊர்ந்தார். இரண்டு பக்கமும் குச்சி நட்டு வெள்ளை நாடாவைக் கட்டினார். மறுபடி ஊசி. முதலில் ஒரே சிரிப்பு. "ஆம முட்ட தேடுது" என்றான் ஒருவன். நானும் சிரித்தேன் என்று சொல்வதில் எனக்கு வெட்கமில்லை, அவ்வளவு வேடிக்கையாக இருந்தது. ஆனால் வெயில் ஏற ஏறச் சிரிப்பு அடங்கிவிட்டது. அந்தக் கை அவசரப்படவே இல்லை. இதைத்தானே இந்த மனிதர் பர்மாவில் செய்தார் என்று அப்போதுதான் எங்களுக்கு உறைத்தது. சும்மா பட்டாளம், பட்டாளம் என்று சொல்லிக்கொண்டிருந்தோம்.

பாதி மணல் தாண்டியிருப்பார். ஊசி எதிலோ இடித்தது. டிங் என்று சத்தம் எனக்கே கேட்டது.

அவர் கையைத் தூக்கினார். "எல்லாரும் படுங்க."

இங்கே எவனும் எதையும் புதைக்கவில்லை என்று குப்பத்தில் எல்லோருக்கும் தெரியும். தெரிந்தும் எல்லோரும் படுத்தோம். பெரியதனக்காரர் சலவை வேட்டியோடு மீன் செதிலுக்கு நடுவில் படுத்தார். என் மாமியார் ஒரு நண்டுக் கூடைக்குப் பின்னால் தலையை மட்டும் ஒளித்துக்கொண்டார். நான் படுத்தபடி எட்டிப் பார்த்தேன். அவர் விரலால் மணலை விலக்கினார். தூங்குகிற குழந்தையின் முகத்திலிருந்து முடியை ஒதுக்குகிற மாதிரி அவ்வளவு மெதுவாக. பிறகு இரண்டு கையாலும் அதை எடுத்து உயர்த்திக் காட்டினார்.

பித்தளை வெற்றிலைப் பெட்டி.

முதலில் எழுந்தது பெரியதனக்காரரின் மனைவி. இரண்டாவதாக எழுந்தது அவருடைய தம்பி மனைவி. அந்தப் பெட்டி அவர்கள் மாமியாருடையது. அந்தக் கிழவி செத்துப்போன பிறகு அது காணாமல் போக, நீதான் எடுத்தாய் என்று ஒருத்தியை ஒருத்தி சொல்லி, நான் அந்த ஊருக்கு மருமகளாக வருவதற்கு முன்னாலிருந்தே இருவருக்கும் பேச்சில்லை. ஒரே சுவரின் இரண்டு பக்கத்தில் தனித்தனி அடுப்பு. அண்ணனும் தம்பியும் திருட்டுத்தனமாகக் கடற்கரையில் சந்தித்துப் பேசிக்கொள்வார்கள். நல்லது கெட்டது எதற்கு அழைத்தாலும் இருவரையும் எதிரெதிர் மூலையில் உட்கார வைக்க வேண்டும். ஊரே அந்த இரண்டு பேரைச் சுற்றி எட்டி எட்டிக் கால் வைத்து நடந்துகொண்டிருந்தது. கருவாடு காய வைத்த இடத்தில் கிழவி மறந்து வைத்துவிட்டுப் போனதைக் காற்று மூடியிருக்கிறது. அவ்வளவுதான்.

"நீதானே அவங்கள அன்னிக்கு கருவாடு பொரட்ட அனுப்புன?" என்றாள் பெரியவள்.

"நீ மட்டும் கூட போனியா?" என்றாள் சின்னவள்.

சண்டைதான், ஆனாலும் நேருக்கு நேர் பேசிக்கொண்டார்கள். அதைக் கேட்டுப் பெரியதனக்காரர் வேட்டியில் ஒட்டிய செதிலைக்கூடத் தட்டாமல், வாயெல்லாம் பல்லாக நின்றார். எங்கிருந்தோ ஒருவன் பறையை எடுத்துவந்து அடிக்க ஆரம்பித்தான். பிள்ளைகள் ஆடினார்கள். அவர் மட்டும் அந்தப் பக்கமே திரும்பாமல் மறுபடி குப்புறப் படுத்து, ஊசியைச் செருகி, ஒரு சாண் ஊர்ந்தார்.

உச்சி வேளைக்கு அவர் கை ஈர மணலைத் தொட்டது. எழுந்து நின்றார். முட்டியும் முழங்கையும் தோல் உரிந்திருந்தன. குப்பமே சத்தம் போட்டது. "இனிமே உன் எடத்துல எவன் ஏறுவான் நைனா? வலைய எடு" என்று பெரியதனக்காரர் எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார்.

அவர் வலையை எடுக்கவில்லை. இரண்டு வெள்ளை நாடாக்களுக்கு நடுவில், நிமிர்ந்து, சொந்தக் காலில், காய்ந்த மணலில் நடந்து என்னிடம் வந்தார். எனக்குக் கண்ணில் தண்ணீர் கட்டிவிட்டது. அதை மறைக்க, "ஒரு பங்குக்காக இம்மாம் பாடா?" என்று எரிந்து விழுந்தேன்.

"பங்குக்கா?" என்றார். யாருக்கும் கேட்காத குரலில் பேசினார். "அங்க எங்களுக்கு முன்னாடி எவனும் போவ மாட்டான்மே. நாங்கதான் முன்னாடி. இங்க வந்து பொண்டாட்டிய முன்னாடி உட்டுட்டு பின்னாடி வந்தேன். நீ சிரிச்சிகினே குதிப்ப. நீ ஒவ்வொரு தபா கால தூக்கி வெக்கும்போதும் நான் செத்து செத்துப் பொழைச்சேன். வேணாம்னு சொல்லக்கூட வாய் வரல."

ராயபுரத்துச் சங்கு ஊமையாகிப் போனது. அவருக்கு நான் வழிகாட்டுகிறேன் என்று இத்தனை நாளும் தலை நிமிர்ந்து நடந்தேனே, அப்போதெல்லாம் இந்த மனிதர் என் பின்னால் எப்படி வந்திருப்பார் என்று நினைத்தேன். என்னை இவ்வளவு பெரிதாக யாரும் அதுவரை நினைத்ததில்லை. அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன.

"வா. நான் முன்னாடி போறேன்" என்றார்.

அவர் முன்னால் நடந்தார். நான் மாமியாரின் நண்டுக் கூடையை இடுப்பில் வைத்துக்கொண்டு பின்னால் நடந்தேன். அதைப் பார்த்து ஊர்ப் பெரியவர்கள் தலையை ஆட்டிக்கொண்டார்கள். ராயபுரத்துக்காரி ஒருவழியாக வழக்கத்துக்கு வந்துவிட்டாள், இனி மீன் வரும் என்று அவர்களுக்கு ஒரே சந்தோஷம். அந்தச் சந்தோஷத்தைக் கெடுப்பானேன் என்று நானும் புடவைத் தலைப்பைத் தோளைச் சுற்றிப் போர்த்திக்கொண்டு, அடக்கமான மருமகளாகவே நடந்தேன். நடுவழியில் அவர் நின்று, நான் வருகிறேனா என்று திரும்பிப் பார்த்தார்.

"முன்னாடி பாத்து நடய்யா" என்றேன். "நான் எங்க போயிடப் போறேன்?"