பதினேழு அழைப்புகள்

போன் 'டிங்' என்றதும் தையல் இயந்திரத்தின் மிதியிலிருந்து விண்ணரசியின் கால் தானாக எழுந்துவிடும். ஊசி துணியில் பாதி இறங்கியபடி நிற்கும். கையில் இருப்பது கல்யாணப் பெண்ணின் ரவிக்கையாக இருந்தாலும் சரி, எதிரே நிற்பது அவசரமாக வந்த தாசில்தார் வீட்டு அம்மாளாக இருந்தாலும் சரி. கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, போனை ஒரு சாண் தூரத்தில் பிடித்து, உதடுகள் அசையப் படிப்பார். போன புரட்டாசியில் அப்படிப் படித்து முடிக்கும் ஒவ்வொரு தடவையும் அவர் முகம் சிவந்துபோனதைப் பார்த்திருக்கிறேன்.

"அழைக்கிறாராம் டீச்சர்! 'துரைராசு உங்களைப் பொன்வயல் விளையாட அழைக்கிறார்.' காலையிலேருந்து இது நாலாவது. நான் கேட்டேனா? எனக்கு வெளையாட நேரமிருக்குன்னு யாருகிட்டயாவது சொன்னேனா?"

பாபநாசம் கடைத்தெருவில், மருந்துக்கடைக்கும் உரக்கடைக்கும் நடுவே, ஒரு கட்டில் போட்டால் நிரம்பிவிடும் அகலத்தில் இருக்கிறது அவருடைய கடை. வயது நாற்பத்தாறு. யாருடைய அளவையும் எழுதிக்கொள்வதில்லை; ஒரு தரம் டேப் வைத்தால் போதும். "போன தீபாவளிக்கு இருந்ததுக்கு ஒரு இஞ்ச் கூடியிருக்கு, தெரிஞ்சுக்குங்க" என்று எல்லார் முன்னாலும் சொல்லிவிடுவார். கழுத்து வெட்டுவதில் அவரை மிஞ்ச ஆளில்லை என்பதால் யாரும் கோபித்துக்கொள்வதில்லை. எனக்கும் பதினைந்து வருஷமாக அவர்தான் தைக்கிறார்.

அவர் எழுதிவைத்திருப்பது வேறொன்று. இருநூற்றுச் சொச்சம் பேருடைய பெயர், ஊர், போன் நம்பர், ரத்த வகை. நீல அட்டை போட்ட நோட்டு அது. மயிலாடுதுறையில் ஒரு கல்லூரி மாணவி, தஞ்சாவூரில் ஒரு பேருந்து நடத்துநர், வலங்கைமான் பக்கம் அண்ணன் தம்பி மூன்று பேர் என்று டெல்டா முழுக்க ஆள் வைத்திருக்கிறார்.

பதினோரு வருஷத்துக்கு முன்னால் அவருடைய தங்கை லின்சிக்குப் பிரசவத்தில் ரத்தப்போக்கு நிற்கவில்லை. கிடைக்காத வகை ரத்தம். விண்ணரசி ஆஸ்பத்திரி வாசலில் நின்று போகிறவர் வருகிறவர் எல்லாரையும் கேட்டிருக்கிறார். நெல் மூட்டை ஏற்றிவந்த லாரியை ஓரங்கட்டிவிட்டு ஓட்டுநர் ஒருவர் இறங்கி வந்தார். கொடுத்தார். டீ கூடக் குடிக்காமல் வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டார். லின்சியும் குழந்தையும் இன்று நன்றாக இருக்கிறார்கள்.

"பேரக்கூடக் கேக்கல டீச்சர். பேரு தெரிஞ்சிருந்தா அவருக்கு ஒரு நன்றியச் சொல்லிட்டு நிறுத்தியிருப்பேன். தெரியாமப் போனதால எல்லாருக்கும் செய்ய வேண்டியதாயிடுச்சு."

முகநூலில் 'பாபநாசம் ரத்த உதவி' என்று ஒரு பக்கம் வைத்திருக்கிறார். ரத்தம் தேவைப்படுகிறவர்கள் அதில் எழுதினால் அவர் போன் 'டிங்' என்னும். அவர் நோட்டைப் புரட்டி உரிய ஆளைக் கூப்பிடுவார். தன் நம்பரை மட்டும் அந்தப் பக்கத்தில் போடவில்லை. ஒரு மாதம் போட்டுப் பார்த்துவிட்டு எடுத்துவிட்டார். "பொம்பள நம்பர்னு தெரிஞ்சா போதும், காலையில பூப்படம் அனுப்புறான். பதில் போடலைன்னா கெட்ட வார்த்த அனுப்புறான்" என்றார். ஆகவே அந்த ஒரு சத்தம்தான் அவருக்கும் ஊருக்கும் நடுவே இருந்த பாதை.

அந்தப் பாதையில்தான் பொன்வயல் என்ற முகநூல் விளையாட்டு வந்து இறங்கியது. போன் திரையில் வயல் இருக்கும். நாற்று நடலாம், மறுநாளே அறுக்கலாம். தண்ணீர் தீர்ந்துவிட்டால் வயல் வெடிக்கும். நண்பர்களைக் கூட்டமாக விளையாட அழைத்தால் மறுபடி தண்ணீர் வரும். எங்கள் பக்கம் ஒரு சென்ட் நிலம் இல்லாதவர்கள்கூட ஏக்கர் கணக்கில் அதில் நட்டுக்கொண்டிருந்தார்கள். பள்ளியில், பஸ்ஸில், ரேஷன் கடை வரிசையில் எல்லா இடத்திலும் அதுதான்.

"விளையாட்டுதானே, விட்டுத் தள்ளுங்க விண்ணரசி" என்று நான் ஒருநாள் சொன்னேன். கத்தரிக்கோலை மேசையில் வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"கல்யாணத்துக்கு அழைக்கிறவங்க வீடு தேடி வந்து, தட்டுல வெத்தல பாக்கு வச்சு அழைப்பாங்க. இது என்ன அழைப்பு? அங்க ஒருத்தரு சாஞ்சு உக்காந்துக்கிட்டு ஒரு வெரலால தட்டுறாரு. இங்க எனக்கு, யாரு உசுருக்குப் போராடுறாங்களோன்னு நெஞ்சு அடிச்சுக்குது. எடுத்துப் பாத்தா, அவரு வயலுக்கு நான் தண்ணி பாய்ச்சணுமாம்!"

அதிகம் அனுப்பியவர் கபிஸ்தலம் துரைராசு. ஆற்றில் மதகு திறந்து மூடும் லஸ்கராக இருந்து ஓய்வு பெற்றவர். செல்போன் பழுதுபார்க்கும் ஆல்பினிடம் போய் விண்ணரசி முறையிட்டபோது அவர், "ஃபிரண்ட் லிஸ்ட்லேருந்து தூக்கிருங்கக்கா" என்று ஒரே வரியில் முடித்துவிட்டார்.

"தூக்குறதா? அவரு ஓ நெகட்டிவ்ப்பா! எங்கிட்ட இருந்ததே ரெண்டு பேரு. ஒருத்தரு ஆனி மாசம் குவைத்துக்குப் போயிட்டாரு. மிச்சம் இவருதான். மூணு தடவ கூப்பிட்டு மூணு தடவயும் பஸ் புடிச்சு ஓடி வந்த மனுசன். அவரத் தூக்கிட்டு, நாளைக்கு எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு ரத்தம் கேப்பேன்?"

ஆல்பினுக்கு வேறு வழி தெரியவில்லை. தேடிப் பார்க்க நேரமும் இல்லை.

அந்தப் புதன்கிழமை காலை, ஜரிகை வைத்த ரவிக்கைக் கழுத்தை விண்ணரசி மூன்றாவது முறையாகப் பிரித்துக்கொண்டிருந்தார். ஒவ்வொரு 'டிங்'குக்கும் கால் எழுந்து தையல் கோணியிருந்தது. தீபாவளித் துணி மலையாகக் குவிந்திருந்தது. பத்தரை மணிக்கு, பதினோரு வருஷத்தில் முதல் தடவையாக, போன் சத்தத்தை நிறுத்தினார். ஒரு மணிக்குச் சாப்பாட்டு டப்பாவைத் திறக்கும்போதுதான் திரும்ப எடுத்துப் பார்த்தார். பதினேழு பொன்வயல் அழைப்புகள். ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டே போனார். எல்லாவற்றுக்கும் அடியில், பதினொன்று பத்துக்கு, நன்னிலத்திலிருந்து இசைவாணி என்ற பெண் எழுதியிருந்தாள்.

'என் கணவர் செழியன் கை வைக்கோல் கட்டும் மிஷினில் மாட்டிக்கொண்டது. கும்பகோணம் ஆஸ்பத்திரியில் இருக்கிறோம். ஓ நெகட்டிவ் அவசரம். யாராவது உதவுங்கள்.'

விண்ணரசி உடனே பதில் எழுதினார். சற்று நேரத்தில் மறுபதில் வந்தது. 'தஞ்சாவூரிலிருந்து கொண்டுவந்து ஏற்றுகிறார்கள் அக்கா. இனி வேண்டாம்.'

செழியன் பிழைத்துக்கொண்டான். வலது கையில் இரண்டு விரல்களை எடுத்துவிட்டார்கள். ரத்தம் சீக்கிரம் வந்திருந்தால் விரல்கள் தப்பியிருக்குமா என்று யாரும் சொல்லவில்லை. விண்ணரசி கேட்கவும் இல்லை. ஆனால் இசைவாணி எழுதிய 'இனி வேண்டாம்' என்ற இரண்டு சொற்களையும் என்னிடம் நாலு தடவை சொன்னார்.

அன்று பிற்பகல் கடைக் கதவைப் பாதி சாத்திக்கொண்டு உட்கார்ந்தார். போனின் மொழியைத் தமிழுக்கு மாற்றினார். முகநூலின் அமைப்புகளுக்குள் போய், ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் படித்தார். தடுப்பதற்கென்று ஒரு பகுதி இருந்தது. அதற்குள் ஆளையே தடுப்பது ஒன்று. ஆளை விட்டுவிட்டு, அவர் அனுப்பும் விளையாட்டு அழைப்புகளை மட்டும் தடுப்பது இன்னொன்று. கீழே, விளையாட்டையே பெயர் சொல்லித் தடுப்பதும் இருந்தது. முதலில் துரைராசின் பெயரைத் தட்டினார். அழைப்புகள் மட்டும் நின்றன, மனிதர் நண்பராகவே இருந்தார். பிறகு பொன்வயலின் பெயரைத் தட்டினார். அதோடு யார் அனுப்பினாலும் வராது.

"பத்து நிமிசம் டீச்சர்! பத்து நிமிச வேல. இத யாரும் சொல்லித் தரல. எவ்வளவு உள்ள கொண்டுபோய் ஒளிச்சு வச்சிருக்கானுவ பாருங்க. அழைக்கிறதுக்கு மட்டும் பட்டன் பூசணிக்கா பெருசுக்கு இருக்கு."

அதோடு விட்டிருக்கலாம். சனிக்கிழமை என் ஸ்கூட்டரில் கபிஸ்தலம் போக வேண்டும் என்றார். எதற்கு என்றேன். "எனக்கு வர்றது நின்னுடுச்சு. அவரு அனுப்புறது நிக்கலயே? இன்னொருத்தர் போன்ல இன்னொரு சேதி அடியில போகும்."

துரைராசு வாசலில் கயிற்றுக் கட்டிலில் இருந்தார், கையில் போன். எங்களைப் பார்த்ததும் எழுந்து, "வா தங்கச்சி! யாருக்கு ரத்தம்? சட்டையப் போட்டுக்கிட்டு வந்துர்றேன்" என்று உள்ளே திரும்பினார்.

"ஒண்ணும் வேணாம், உக்காருங்கண்ணே. நீங்க எனக்கு எத்தன அழைப்பு அனுப்பியிருக்கீங்க தெரியுமா?"

"என்ன அழைப்பு?"

"பொன்வயல்."

"அடடே, அதுவா! தண்ணி தீந்துபோனா எல்லார் பேருக்கும் சேத்துத் தட்டச் சொல்லுது, தட்டுறேன். அது ஒன் போன்ல போயி சத்தம் போடுமா? முப்பத்தஞ்சு வருசம் தண்ணிக்கு மொறை வச்சவன்மா நானு. தண்ணி இல்லன்னா கை சும்மா இருக்க மாட்டேங்குது."

விண்ணரசி தன் போனில் புதன்கிழமைப் பட்டியலைத் திறந்து அவர் முகத்துக்கு நேரே பிடித்தார். தன் பெயரையே துரைராசு வாய்விட்டுப் படித்தார். ஒன்று, இரண்டு, மூன்று... விண்ணரசி விரலால் மெல்ல மெல்லத் தள்ளினார். ஒன்பது முறை துரைராசு. நடுநடுவே வேறு பெயர்கள். அவற்றில் ஒன்று என் பெயர்.

நேரம் பதினொன்று ஐம்பது. ஆசிரியர் அறை. என் வயலிலும் தண்ணீர் தீர்ந்திருந்தது. நானும் எல்லார் பெயரையும் சேர்த்துத் தட்டியிருந்தேன். விண்ணரசி என் பக்கம் திரும்பவில்லை. மற்றப் பெயர்களைத் தள்ளிய அதே வேகத்தில் என் பெயரையும் தள்ளினார். அவர் இதைப் புதன்கிழமையே பார்த்திருக்கிறார். பார்த்துவிட்டுத்தான் என் ஸ்கூட்டரில் வந்திருக்கிறார்.

கடைசியில் இசைவாணியின் வரிகள் வந்தன. துரைராசு இரண்டு முறை படித்தார்.

"ஓ நெகட்டிவா? எப்ப?"

"புதங்கெழம. பதினொண்ணு பத்து."

"நான் வீட்லதானம்மா இருந்தேன்."

"தெரியும்ணே. பதினொண்ணே காலுக்கு எனக்கு அழைப்பு அனுப்பியிருக்கீங்க."

அவர் கட்டிலில் உட்கார்ந்தார். வெகுநேரம் முழங்கையின் உட்புறத்தைத் தடவிக்கொண்டே இருந்தார். "முக்கா மணி நேரத்துல போயிருப்பேனே. முக்கா மணி நேரத்துல..." என்றார். விண்ணரசி ஆறுதலாக ஒரு வார்த்தை சொல்லவில்லை. அவருடைய போனை வாங்கிச் செய்தும் கொடுக்கவில்லை. எங்கே தட்ட வேண்டும் என்று பக்கத்தில் நின்று சொன்னார். துரைராசே பொன்வயலைத் தேடி, அழுத்தி, நீக்கினார்.

திரும்பி வரும்போது ஆற்றுப்பாலத்தில் வண்டியை நிறுத்தினேன். இருபுறமும் அறுத்த வயல்களில் வைக்கோல் உருளைகள் கிடந்தன. எப்படி ஆரம்பிப்பது என்று தெரியவில்லை.

"விண்ணரசி, அதுல ஒண்ணு..." என்றேன்.

அவர் வண்டியை விட்டு இறங்கவில்லை. பின்னால் உட்கார்ந்தபடியே, என் தோளுக்கு மேலாக, என் போனுக்காக உள்ளங்கையை நீட்டினார்.