மச்சானின் இரண்டு ஆட்டங்கள்

கல்முனையிலிருந்து பொத்துவில் வரை எங்கே கிரிக்கெட் சுற்றுப்போட்டி நடந்தாலும் என் கணவரைத் தேடி வருவார்கள். ஓங்கி அடிப்பதற்கென்றே பெயர் எடுத்தவர். மற்ற நாட்களில் இறக்காமத்தில் ஒரு அரிசி ஆலையில் இயந்திரம் திருத்துவார். நான் அவரை மச்சான் என்றுதான் கூப்பிடுவேன்.

அவருக்கு முப்பத்திரண்டு வயதானபோது கொழும்பிலிருந்து அழைப்பு வந்தது. முதல்தரக் கழகம் ஒன்றில் இரண்டு பேர் காயப்பட்டுவிட்டார்களாம். சம்மாந்துறையில் இவர் ஆடியதைப் பார்த்திருந்த பயிற்சியாளர், பருவத்தின் கடைசி இரண்டு ஆட்டங்களுக்கு வரச்சொன்னார்.

"அதுக்கு ஏன் முகம் இப்பிடி இரிக்கி?" என்று கேட்டேன்.

"அங்க பந்து போடுறவனெல்லாம் நாட்டுக்கு வெளாடினவன், புள்ள. எனக்கு வயசும் போயிற்று."

"அவங்க வயசக் கேட்டாங்களா?"

"இல்ல."

"அப்ப போங்க மச்சான்."

முதல் ஆட்டத்தன்று நான் படிப்பிக்கும் பாடசாலையில் இருந்தேன். இடைவேளையில் ஃபோனைத் திறந்தால் அவர் பெயருக்குப் பக்கத்தில் பூச்சியம். ஒரே பந்து. பின்னேரம் பேசினார்.

"பெட் கீழ வர முந்தி பந்து விக்கெட்டுக்குப் போயிற்று."

"சாப்பிட்டீங்களா?" என்றேன். சிரித்துவிட்டார். பிறகு, "அடுத்த மெச்சுக்கு வாறியா?" என்றார். அதுவரை ஒரு ஆட்டத்துக்கும் என்னை அவர் கூப்பிட்டதில்லை.

மகளை மாமியிடம் விட்டுவிட்டு பஸ் ஏறினேன்.

மைதானத்தில் மொத்தமே நாற்பது ஐம்பது பேர்தான். ஆறு விக்கெட் போன பிறகு மச்சான் வந்தார். முதல் இரண்டு பந்தையும் தவறவிட்டார். விக்கெட் காப்பாளர் சிங்களத்தில் ஏதோ சொல்ல, பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். மூன்றாவது பந்தை மச்சான் அடித்தார். அது பந்துவீச்சாளரின் தலைக்கு மேலே எழும்பி, மதிலைத் தாண்டி, வெளியே தெருவில் போய் விழுந்தது. பந்துவீச்சாளர் இடுப்பில் கை வைத்து அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டு நின்றார்.

நான் எழும்பி நின்று, "மச்சான்!" என்று கத்திவிட்டேன். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். வெட்கத்தில் உட்கார்ந்தேன். அடுத்த பந்து நான்குக்குப் போனது; மறுபடியும் எழும்பினேன்.

கொஞ்ச நேரத்தில் எல்லைக்கோட்டருகே பிடி கொடுத்து ஆட்டமிழந்தார். கழகம் தோற்றது. "அடுத்த பருவம் பார்ப்போம்" என்றார் பயிற்சியாளர். பிறகு அழைக்கவில்லை. ஒரு மாதம் மச்சான் ஃபோனையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு நாள் தேநீர் குடித்துக்கொண்டே சொன்னார்:

"இவ்வளவு நாளும் எனக்கு ஏலாது எண்டுதான் நான் ஒருத்தரிட்டயும் கேக்கல்ல. இனிக் கேக்கப் போறன்."

கேட்டார். நான்கு கழகங்களுக்கு அவரே எழுதினார். மூன்று பதில் போடவில்லை. ஒரு சிறிய கழகம், இரண்டாம் பிரிவில் ஆடுவது, வந்து ஆடிக்காட்டச் சொல்லி, இந்தப் பருவத்துக்கு எடுத்துக்கொண்டது.

வருகிற வியாழக்கிழமை முதல் ஆட்டம். லீவுக் கடிதத்தில் காரணம் என்ற இடத்தில் 'கணவரின் கிரிக்கெட்' என்றே எழுதினேன். அதிபர் இரண்டு தரம் வாசித்துவிட்டு ஒப்பமிட்டார்.