அண்ணனுக்கு இனி மாற்றல் இல்லை

அண்ணனை மண்ணில் வைத்த அன்று கல்லறைத் தோட்டத்தில் இருந்தவர்கள்: நான், அவருடைய தங்கை. சென்னையிலிருந்து முதல் நாளே வந்துவிட்ட அண்ணன் மகன் ஜெபராஜ். புதுச்சேரியிலிருந்து வேனில் வந்த போதகர் ஐயா. உப்பளத்து மேஸ்திரி ஏழுமலை. அவர் மனைவி கன்னியம்மா. இன்னும் அளத்து ஆட்கள் நாலு பேர். அது 2005 மழைக்காலம். சென்னைப் பக்கம் ரோட்டில் தண்ணீர் ஏறி பஸ் நின்றுபோனது. வர முடியாத உறவினர்களுக்கு நடந்ததைச் சொல்ல இதை எழுதுகிறேன். நான் நாலாவது வரைதான் படித்தேன். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளவும்.

அண்ணன் பிறந்தது மரக்காணத்தில். அப்பா உப்பளத்தில் கூலி. அப்பா இறந்ததும் அண்ணனை மிஷன் ஹாஸ்டலில் சேர்த்தார்கள். அவர் படிக்கப் போனார். நான் உப்பு வாரப் போனேன்.

அவர் மெதடிஸ்ட் சபையில் போதகரானார். அங்கே ஆண்டுக்கு ஒரு முறை கூட்டம் வைத்து, யார் எந்த ஊருக்கு என்று வாசிப்பார்கள். வாசித்த ஊருக்குப் பெட்டி கட்ட வேண்டும். மறுபேச்சு கிடையாது. ஒவ்வொரு முறையும் அண்ணனை பஸ் ஏற்றிவிட்டுத் தனியாக வீடு திரும்புவேன். எனக்குக் கல்யாணம் அமையவில்லை.

நடுவில் ஒரு முறை நம் ஊரையே வாசித்தார்கள். சபைப் பள்ளியையும் அண்ணன்தான் பார்த்தார். அளத்துப் பிள்ளைகள் விடியும் முன்னே தாய் தகப்பனோடு உப்பு வாரப் போய்விடுவார்கள். காலையில் பள்ளி மணிக்கு வர மாட்டார்கள். அவர்களுக்காக அண்ணன் மத்தியானத்தில் வகுப்பு வைத்தார். ஏழுமலை அதில் படித்தவர்.

ஓய்வு பெற்று, அண்ணியும் இறந்த பிறகு, என்னிடம் வந்தார். "இனி டிரான்ஸ்ஃபர் இல்லம்மா. இங்கதான்" என்றார். சும்மா இருக்கவில்லை. அளத்தில் குடிதண்ணீர் இல்லை என்று ஆட்களைக் கூட்டிக்கொண்டு தாலுகா ஆபீசுக்கு நடந்தார். குழாய் வந்தது. 2004 கடைசியில் கடல் ஏறியபோது பள்ளியில் உலை வைத்தார். வந்தவர் எந்தச் சாமி கும்பிடுகிறவர் என்று கேட்கவில்லை. அந்த அலைச்சலில் மூச்சு வாங்க ஆரம்பித்தது. அடுத்த மழையில் போய்விட்டார்.

கல்லறைத் தோட்டம் அளத்தை ஒட்டியது. குழி வெட்ட வெட்ட உப்புத் தண்ணீர் ஊறியது. இறைத்தார்கள். மறுபடி ஊறியது. போதகர் ஐயா குடையோடு வந்து எட்டிப் பார்த்தார்.

"தண்ணியில எப்படிம்மா வைக்கிறது? புதுச்சேரி கல்லறையில இடம் இருக்கு. வேன் நிக்குது, கொண்டு போயிடலாம்" என்றார்.

"ஆமா அத்தை. அங்க நல்லபடியா செய்யலாம்" என்றான் ஜெபராஜ்.

அவர்கள் சொன்னதில் தப்பில்லை. ஆனாலும் நான் சொன்னேன்: "அண்ணனுக்கு இன்னொரு டிரான்ஸ்ஃபர் வேணாங்க ஐயா."

குழிக்குள் நின்ற ஏழுமலை நிமிர்ந்தார்.

"அக்கா, நீ கம்முனு இரு. பாத்தி கட்றவனுக்குத் தண்ணிய நிறுத்தத் தெரியாதா? டேய், களிமண்ணு எடுத்தாங்கடா."

கன்னியம்மா கூடையில் சுமந்து வந்தார். "உசுரோட இருந்தப்ப தண்ணி குடு, தண்ணி குடுன்னு ஆபீஸ் ஆபீஸா நடந்தாரு மனுஷன். இப்ப வேணான்னாலும் வுடுதா பாரு!" அழுதுகொண்டிருந்த ஜெபராஜ் சிரித்துவிட்டான்.

உப்புப் பாத்தியில் தண்ணீர் கீழே இறங்காமலிருக்கக் களிமண்ணைக் காலால் மிதித்து இறுக்குவோம். அதையே குழிக்குள் செய்தார்கள். அடியிலும் சுவரிலும் அப்பி, மிதித்து, அப்பி, மிதித்தார்கள். ஜெபராஜ் ஷூவைக் கழற்றிவிட்டு இறங்கினான். ஐயா குடையை என் கையில் கொடுத்துவிட்டு ஒரு கூடை தூக்கினார்.

தண்ணீர் நின்றது. அண்ணனை இறக்கினார்கள். ஐயாவும் ஜெபராஜும் நானும் பாடினோம். மழைச் சத்தத்தில் எங்களுக்கே கேட்கவில்லை.

ஏழுமலைக்கும், கன்னியம்மாவுக்கும், அளத்து ஆட்களுக்கும், ஐயாவுக்கும் என் நன்றி. கூலி கொடுக்கப் போனேன், வாங்கவில்லை. ஜெபராஜ் சென்னைக்குக் கூப்பிடுகிறான். நான் போகவில்லை. ஞாயிறு ஆராதனை முடிந்ததும் அண்ணன் கல்லறைக்குப் போய்க் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டு வருவேன்.

நினைவு நாளுக்கு வருகிறவர்கள், ஆறடி வெட்டினீர்களா என்று கேட்பீர்கள். அந்த மண் விடவில்லை.

மூன்றரை அடி.