கலா அக்காவோடு போன மார்கழி

கலா அக்கா போய்விட்டார். இன்று விடியற்காலையில், ஆவடியில், மகள் வீட்டில். தூக்கத்திலேயே...

மதியமே எடுத்துவிட்டார்கள். இப்போதுதான் வீட்டுக்கு வந்தேன். உடம்பெல்லாம் அசதி. படுத்தாலும் தூக்கம் வரவில்லை, அதனால் எழுதுகிறேன்.

திருமழிசையில் ரப்பர் வாஷர் செய்யும் கம்பெனி. நானும் அவரும் பக்கத்துப் பக்கத்து மெஷின். ஷிஃப்ட் முடிந்தால் ஒரே பஸ்.

நிறைமாதத்திலும் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தேன். ஒருநாள் மெஷின் முன்னாலேயே வலி வந்துவிட்டது. ஆட்டோ எதுவும் கிடைக்கவில்லை.

அக்கா ஹைவேயில் இறங்கி, கையை விரித்து ஒரு மினி லாரியை மறித்தார்.

"நைனா, புள்ளத்தாச்சிப் பொண்ணு. ஏத்திகினு போ. இல்லாங்காட்டி என் மேல ஏத்திட்டுப் போ!"

பூந்தமல்லி ஆஸ்பத்திரி வரைக்கும் என் தலை அவர் மடியில்தான். அன்று பிறந்தவள் இப்போது காலேஜ் போகிறாள்.

போன மார்கழியில் போன் செய்தார். டயாலிசிஸ் ஆரம்பித்திருந்த நேரம்.

"சுமதி, சும்மா படுத்துகினே கீறேன்டி. நம்ம கம்பெனி பக்கம் ஒரு ரவுண்டு இட்டுகினு போறியா?"

ஞாயிற்றுக்கிழமை காலை ஸ்கூட்டியில் கிளம்பினோம். நல்ல பனி. என் முதுகில் சாய்ந்துகொண்டே வந்தார். பின்னால் ஆள் இருப்பதே தெரியவில்லை, அவ்வளவு இளைத்திருந்தார்.

கம்பெனி இருந்த இடத்தில் இப்போது ஏதோ குடோன். கேட்டில் செக்யூரிட்டி நிறுத்தினார். "யாரைப் பாக்கணும்?"

அக்கா கேட்டுக்கு உள்ளே எட்டிப் பார்த்தார். "எங்களத்தான்பா."

நான் சிரித்துவிட்டேன். அவர் சிரிக்கவில்லை.

அங்கிருந்து செம்பரம்பாக்கம். கம்பெனியில் ஆயுத பூஜை முடிந்ததும் பொரிப் பொட்டலத்தோடு நாங்கள் எல்லோரும் போய் உட்காரும் ஏரிக்கரை. அக்காவால் கரை ஏற முடியவில்லை. கீழேயே உட்கார்ந்துகொண்டார்.

"தண்ணி ரொம்பி கீதா, பாத்துட்டு வந்து சொல்லு."

ஏறிப் பார்த்தேன். "ஒண்ணுமே தெரியலக்கா. ஒரே பனி."

"செரி, வெயில் வரட்டும்."

உட்கார்ந்திருந்தோம். வெயில் வருவதற்குள் அவருக்கு மூச்சு வாங்க ஆரம்பித்துவிட்டது. "போலாண்டி" என்றார்.

திரும்பும்போது, என் மகள் பிறந்த அந்த ஆஸ்பத்திரியையும் பார்த்துவிட்டுப் போகலாமா என்று கேட்டேன்.

"இன்னாத்துக்கு? வாரா வாரம் ஆஸ்பத்திரிலதான படுத்துகினு கீறேன்."

அதற்கப்புறம் நாங்கள் எங்கேயும் சேர்ந்து போகவில்லை. நான் கூப்பிடும்போதெல்லாம் அவருக்கு முடியவில்லை. அவர் கூப்பிட்டபோது எனக்கு இப்போதைய கம்பெனியில் ஷிஃப்ட்.

போயிட்டு வாங்கக்கா... வெளியே குளிருது. காதைக் கட்டிக்கோங்க.