கண் கூசிய மனிதன்

பேய், ஆவி என்று யாராவது கதை தொடங்கினால் எழும்பிப் போகிற ஆள் நான். இதை என் மனைவிக்குக்கூடச் சொன்னதில்லை. நீங்கள் சிரித்தாலும் பரவாயில்லை.

எழுபதுகளில் மெல்பேர்னில் ஒரு சின்னத் தியேட்டரில் ராசன் அண்ணையிடம் புரொஜெக்டர் ஓட்டப் பழகிக்கொண்டிருந்தேன். அங்கே ஒரு ஜப்பானிய இயக்குநர் தன் படச்சுருளைத் தானே தூக்கிக்கொண்டு வந்தார். டோக்கியோவில் நிலவறைகளில் ஒளித்துக் காட்டுகிற படங்கள் எடுத்தவர். அம்மணம், இரத்தம், பொலிஸ் வழக்கு என்று பேர் வாங்கியவர். இந்தப் படத்துக்குப் பிறகு அந்த நிலவறைகளும் கதவைச் சாத்திவிட்டனவாம். படத்தில் அவருடைய சிநேகிதன் நமக்கு முதுகைக் காட்டியபடி கடலுக்குள் நடந்து போகிறான், போகிறான், திரும்பி வரவேயில்லை. அது நடிப்பில்லை. இவர் கமராவை நிறுத்தவுமில்லை. அவன் ஒருமுறை தன்னைத் திரும்பிப் பார்த்திருந்தால் ஓடிப்போய் இழுத்திருப்பாராம்.

"சாகிறவனைப் படம் பிடிச்சுக்கொண்டு நிண்ட மனுசன். உவருக்கு நான் தேத்தண்ணியும் ஊத்திக் குடுக்கோணுமோ?" என்றார் ராசன் அண்ணை.

பின்னேரம், காட்சிக்கு முன், இயக்குநர் முன்வரிசையில் தனியாக இருந்து படத்தைப் பார்த்தார். முடிந்ததும் சுருளை மேசையில் வைத்துக் கையால் திருப்பிச் சுற்ற வேண்டும். நான் கை வலிக்குமென்று பஞ்சிப்பட்டு மெஷினையே பின்னோக்கி ஓடவிட்டேன், அதன் விளக்கை அணைக்க மறந்துபோனேன்.

பின்னோக்கி ஓடினால், போனவன் முதுகைக் காட்டியபடியேதான் வர வேண்டும், இல்லையா? நம்பினால் நம்புங்கள், அவன் முகத்தைக் காட்டிக்கொண்டு வந்தான், குளித்துவிட்டுக் கரையேறுகிறவனைப் போல.

"ஆரடா இவன்?" என்றார் அண்ணை.

கீழே இயக்குநர் எழும்பி நின்று, ஒரே பெயரைத் திரும்பத் திரும்பக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.

பிறகு முன்னுக்கும் பின்னுக்கும் ஓட்டிப் பார்த்தோம். வெறும் முதுகுதான். இயக்குநர் எங்கள் அறைக்கு ஏறி வந்து, உடைந்த ஆங்கிலத்தில் என்னைக் கேட்டார், அவன் தன்னைப் பார்த்தானா என்று.

"ஓமெண்டு சொல்லடா, பாவம்," என்று அண்ணை முழங்கையால் இடித்தார்.

எனக்குப் பொய் வரவில்லை. தலையைக் குனிந்துகொண்டு, இல்லை என்றேன். அவர் சுருளை எடுத்துக்கொண்டு போய்விட்டார். அன்றைக்குக் காட்சி நடக்கவில்லை.

அவன் பார்த்தது என்னை. நெற்றியில் கையை வைத்து, கண் கூசுகிறவனைப் போல, மேலே எங்கள் புரொஜெக்டர் அறையின் சின்ன ஜன்னலையே பார்த்தான். அந்தப் படத்தில் வெயிலே கிடையாது, வானம் முழுக்க மப்பு. நான் அணைக்க மறந்த விளக்கைத் தவிர, அவன் கண்ணில் படுவதற்கு வேறு வெளிச்சம் எங்கேயும் இருக்கவில்லை.