பதினான்காம் பக்கத்துப் பட்டினி

அறந்தாங்கிக்கும் கட்டுமாவடிக்கும் பஸ் ஓட்டிய வெள்ளைச்சாமிக்கு வாழ்க்கையில் ஒரே ஒரு குறைதான். தன்னைப் பற்றி ஒரு புத்தகம் இல்லை.

மாட்டுவண்டியில் மீன்கூடை ஏற்றி இறக்கியவன், பஸ்ஸில் கிளீனராகி, டிரைவராகி, நாற்பது வயதில் அந்தப் பஸ்ஸுக்கே முதலாளியாகிவிட்டான். பழைய பஸ்தான். யுத்தத்தில் பெட்ரோல் கிடைக்காமல், கரிப்புகையில் ஓடுவதற்காக அதன் முதுகில் கரியடுப்பு ஏறியிருந்தது. மேடு வந்தால் ஜனங்கள் இறங்கித் தள்ளவேண்டும். இருந்தால் என்ன, முதலாளி முதலாளிதானே!

அறந்தாங்கியில் அச்சாபீஸ் வைத்திருந்த நாகராசு, ஏழையாய்ப் பிறந்து முன்னுக்கு வந்த நம் பக்கத்து ஆட்களைப் பற்றிச் சின்னச் சின்னப் புத்தகமாக எழுதுவார். பத்துப் பேரை எழுதிவிட்டார். பதினோராவது ஆள் தானாகத்தான் இருக்கவேண்டும் என்று வெள்ளைச்சாமி ஒற்றைக்காலில் நின்றான். நாகராசும் ஒருநாள் பென்சிலோடு வந்து உட்கார்ந்தார்.

“சின்ன வயசுல எத்தனை நாள் பட்டினி கெடந்தீங்க?”

வெள்ளைச்சாமி யோசித்துப் பார்த்தான். அப்பன் கடலோடு போனபிறகு ஆத்தா சின்னப்பிள்ளைதான் கருவாட்டுக்கூடையைத் தலையில் வைத்து ஊர் ஊராய் நடந்து, நெல்லுக்கும் கேழ்வரகுக்கும் மாற்றிவந்து அவனை வளர்த்தாள். காலையில் கஞ்சி, பொழுது சாய்ந்தால் சுடுசோறு, கருவாட்டுக் குழம்பு.

“ஒரு வேளைகூடக் கெடக்கலையேண்ணே.”

நாகராசு பென்சிலைக் கீழே வைத்துவிட்டார். “பட்டினி இல்லாம என்னங்க முன்னேத்தம்? படிக்கிறவன் கண்ணுல தண்ணி வரவேணாமா?”

கைக்கு வந்த புத்தகம் நழுவுகிறதே என்று வெள்ளைச்சாமிக்குப் பதறியது. “அப்ப ஒரு மூணு நாளு போட்டுக்கங்க” என்றான். ஆசை வெட்கம் அறியாது என்று சும்மாவா சொன்னார்கள்!

புத்தகம் வந்தது. கட்டுமாவடியில் பஸ் நிற்கும் வேப்பமரத்தடியில் ஊரே கூடியது. புதுச்சேலை கட்டி முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள் சின்னப்பிள்ளை. நாகராசு தொண்டையைச் செருமிக்கொண்டு வாசித்தார். பதினான்காம் பக்கம் வந்தது. “வெள்ளைச்சாமி மூன்று நாள் பட்டினி கிடந்தார்…”

“நிறுத்துங்க தம்பி!” சின்னப்பிள்ளை எழுந்துவிட்டாள். நேரே மகனிடம் திரும்பினாள். “யாருடா பட்டினி கெடந்தது? பெத்த பிள்ளைக்குச் சோறு போடாதவள்னு ஊரு முன்னால படிக்கவா என்னையக் கூட்டியாந்தே?”

அவ்வளவுதான். சேலையை உதறிக்கொண்டு போய்விட்டாள்.

அன்றிலிருந்து மகனோடு பேச்சில்லை. அதுவரை ஜம்மென்று பஸ்ஸில் கருவாடு கொண்டுபோனவள், மறுநாள் கூடையைத் தலையில் வைத்து நடக்க ஆரம்பித்தாள். கூடவே அவள் வயசொத்த சோட்டுக்காரி மூக்காயி. வெள்ளைச்சாமி பஸ்ஸை அவள் பின்னாலேயே ஊர்ந்து ஓட்டினான். “ஆத்தா, ஏறு ஆத்தா!” ம்ஹூம். உள்ளே இருந்தவர்களுக்கோ கொண்டாட்டம். “முதலாளி, கரிவண்டிக்கு ஆத்தா நடையே தேவலை, நாங்களும் எறங்கிக்கிறோம்!” என்று கேலி பண்ணினார்கள். அவனுக்குச் சிரிப்பு வரவில்லை. வீட்டில் சோறு தொண்டைக்குக் கீழே இறங்கவில்லை. ஆத்தா பேசாத வீட்டில் முதலாளியாவது, மண்ணாவது!

மூன்றாம் நாளும் பஸ் அப்படியே பின்னால் ஊர்ந்தது. மூக்காயிக்குப் பொறுக்கவில்லை. பஸ்ஸுக்குக் கேட்கும்படியாகவே கத்தினாள். “ஏ சின்னப்பிள்ளை, அவன் தின்னான், சரி. நீ தின்னியா? சட்டிய வழிச்சு அவனுக்குப் போட்டுட்டு, வெத்தலைய மென்னு வயித்த ஏமாத்துனவதானடி நீ!”

“சும்மா கெட, மூக்காயி” என்றாள் சின்னப்பிள்ளை.

வெள்ளைச்சாமி பஸ்ஸை நிறுத்திவிட்டான். ‘நான் அப்பவே சாப்பிட்டேன்டா’ என்று ஆத்தா தினமும் சொன்னது ஞாபகம் இருந்தது. அவள் சாப்பிட்டதைப் பார்த்த ஞாபகம்தான் ஒன்றுகூட இல்லை. தாயும் பிள்ளையும் ஆனாலும் வாயும் வயிறும் வேறு என்பார்கள். அதை அவன் நாற்பது வயதில்தான் தெரிந்துகொண்டான். அழுகை வந்தது, அழுதான்.

அன்று சாயங்காலமே அவன் போய்ச் சொல்ல, நாகராசு ஒரு துண்டுச்சீட்டு அச்சடித்தார். மறுநாள் காலையில் அவரும் பஸ்ஸில் வந்தார். நடந்துகொண்டிருந்த ஆத்தாவின் முன்னால் போய் பஸ்ஸை நிறுத்தி, படியில் நின்று வெள்ளைச்சாமியே உரக்க வாசித்தான்:

“பிழை திருத்தம். பக்கம் பதினாலு. வெள்ளைச்சாமி மூன்று நாள் பட்டினி கிடந்தார் என்பது பொய். அவர் ஒரு வேளையும் பட்டினி கிடந்ததில்லை. கிடந்தது அவருடைய ஆத்தா சின்னப்பிள்ளை.”

சின்னப்பிள்ளை கூடையை இறக்கினாள். எழுத்துத் தெரியாவிட்டாலும் சீட்டை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்து, சுருக்குப்பையில் போட்டுக்கொண்டாள். பிறகு மகனின் முகத்தை உற்றுப் பார்த்தாள்.

“என்னடா மூஞ்சி இப்படி வாடிக் கெடக்கு? சாப்பிட்டியா இல்லையா?”

“நீ பேசலைல்ல… மூணு நாளாச் சாப்பிடலை ஆத்தா.”

“அட, அப்ப நான் எழுதுனது சரிதானே!” என்று நாகராசு துள்ளிக் குதித்தார்.

பஸ்ஸே சிரித்தது. “நீங்க வாய மூடுங்க தம்பி” என்று அவரை அதட்டிவிட்டு, சின்னப்பிள்ளை பஸ்ஸில் ஏறி முன்சீட்டில் உட்கார்ந்து தன் கஞ்சித்தூக்கைத் திறந்து மகனிடம் நீட்டினாள். வெள்ளைச்சாமி அதைக் கையில் வாங்கவில்லை.

“பாதி நீ குடி ஆத்தா. நான் பாக்கணும்.”

அவள் குடித்து முடிக்கும்வரை பஸ் கிளம்பவில்லை.