குப்புறப் படுத்த சாம்பியன்

சுண்டெலி என்ற பெயரை அவளுக்கு வைத்தவர்கள் மருத்துவமனைச் சலவைக்கூடத்துப் பெண்கள். பதினெட்டு வயதில் வேலைக்குச் சேர்ந்த அன்று அவள் துணிவண்டியைத் தள்ளிக்கொண்டு வந்தாள். எல்லாருக்கும் வண்டி தெரிந்தது, தள்ளுகிறவள் தெரியவில்லை. "ஏய், வண்டி தானா நடந்து வருதுடி!" என்று ஒருத்தி கத்த, அழுக்குப் போர்வைக் குவியலுக்குப் பின்னாலிருந்து இரண்டு கண்கள் எட்டிப் பார்த்தன. அவ்வளவுதான். பெற்றவள் வைத்த பெயர் அன்றோடு வருகைப் பதிவேட்டுக்கு மட்டும் என்றாகிவிட்டது.

பெற்றவளும் அங்கேதான் வேலை பார்த்தாள். அவள் போய்ச் சேர்ந்த பிறகு அக்காதான் தங்கையை வளர்த்தாள். அக்காவுக்கு ஏழு வயது கூட, அவளுக்கும் அதே சலவைக்கூடத்தில்தான் வேலை. ஒரே அறை. வெளியே போட்டுக்கொண்டு போக ஒரே ஜோடி நல்ல செருப்பு. அக்காவின் கால் பெரிது என்பதால் தங்கை முன்பக்கம் கந்தைத் துணியைத் திணித்துக்கொண்டு நடப்பாள். அக்காவுக்குக் கல்யாணமானதும், மருத்துவமனையில் லிப்ட் இயக்கும் மாமாவும் அதே அறைக்குள் வந்து சேர்ந்தார். நடுவில் ஒரு பழைய போர்வையைத் திரையாகக் கட்டினார்கள். மாமா தும்மினால் போர்வை பறக்கும், தங்கை இந்தப் பக்கத்திலிருந்து, "மாமா, காத்து பலமா இருக்கு!" என்பாள். பஞ்சத்துக்கு அந்த வீட்டில் குறைவில்லை என்றாலும் சிரிப்புக்குப் பஞ்சம் வந்ததில்லை.

அவள் குத்துச்சண்டைக்காரி ஆனது உணவுக்கூட வரிசையில். வார்டு உதவியாளன் ஒருவன், ஆள் தடித்தவன், தினமும் வரிசையை மதிக்காமல் நடுவில் நுழைவான். ஒருநாள் சுண்டெலியின் தோளில் கையை வைத்து அப்படியே ஒதுக்கிவிட்டான். அடுத்த நொடி தரையில் உட்கார்ந்திருந்தான். எப்படி உட்கார்ந்தோம் என்று அவனுக்கே விளங்கவில்லை. வரிசையில் அவளுக்குப் பின்னால் நின்றவர் ஆம்புலன்ஸ் ஓட்டுநர். இளமையில் குத்துச்சண்டை போட்டு மூக்கு ஒரு பக்கமாகச் சாய்ந்த மனிதர். விழுந்தவனை அவர் பார்க்கவே இல்லை.

"எந்தக் கையில அடிச்சே?"

"இடது கையில சார்."

"வலது கை என்னாச்சு?"

"அதுல தட்டு இருந்துச்சே."

தட்டில் ஒரு சொட்டுக் குழம்புகூடச் சிந்தியிருக்கவில்லை. மறுநாளே அவர் அவளைப் பழைய கொதிகலன் கொட்டகைக்குக் கூட்டிப் போனார். அங்கே ஒரு மணல் மூட்டை தொங்கியது. நாலு கம்பத்தில் கயிறு கட்டி மேடை என்று பெயர் வைத்திருந்தார்கள். அன்றிலிருந்து அவர் அவளுக்கு மாஸ்டர்.

முதல் போட்டியில் தோற்றாள். அடி வாங்கித் தோற்கவில்லை. எதிராளி மீது குத்து விழும்போதெல்லாம் "ஐயோ, மன்னிச்சுக்கோங்க" என்றாள். நடுவர் இரண்டு முறை எச்சரித்தார். இவள் அவரிடமும் மன்னிப்புக் கேட்டாள். மாஸ்டர் தலையில் கையை வைத்துக்கொண்டார். அதற்குப் பிறகு நடந்த பதினாறு சண்டையில் மன்னிப்பும் கேட்கவில்லை, தோற்கவும் இல்லை. நாளொன்றுக்கு நானூறு ஈரப் போர்வையை இயந்திரத்திலிருந்து உருவி எடுத்த தோள் அது. எதிரே வந்தவர்கள் உருவத்தைப் பார்த்து ஏமாந்தார்கள். சுண்டைக்காய் கால் பணம் என்று நினைத்தவர்களுக்குச் சுமைகூலி முக்கால் பணம் என்று பிறகுதான் தெரிந்தது.

இருபத்து நாலு வயதில் நாட்டின் சாம்பியன் ஆனாள். அன்று மாமாவுக்கு லிப்டில் வேலை. காதில் வானொலியை ஒட்டவைத்துக்கொண்டு மாடிக்கு மாடி கதவைத் திறந்து சேதி சொன்னார். "ரெண்டாவது மாடி, ஆறாம் சுற்று, நம்ம பொண்ணு முந்துறா! மூணாவது மாடி, ஏழாம் சுற்று, எதிராளி மூச்சு வாங்குறா!" ஐந்தாவது மாடியில் இறங்க வேண்டிய ஒரு எலும்பு முறிவு நோயாளி, முடிவு தெரியாமல் இறங்கமாட்டேன் என்று அடம்பிடித்துச் சக்கர நாற்காலியோடு மூன்று தடவை மேலும் கீழும் போய்வந்தார்.

புகழ் வந்தால் தனியாகவா வரும்? சலவைத்தூள் விளம்பரத்துக்குக் கூப்பிட்டார்கள். வெள்ளைப் போர்வையை விரித்துப் பிடித்து, "கறைக்கு ஒரே குத்து!" என்று சொல்ல வேண்டும். ஊரெல்லாம் அவள் முகம். தெருவில் நடந்தால் பிள்ளைகள் "சுண்டெலி! சுண்டெலி!" என்று பின்னாலேயே ஓடிவந்தன. எலி வளையானாலும் தனி வளை வேண்டும் என்று ஒரு குடியிருப்பில் ஆறாவது மாடியில் வீடு பார்த்துப் போனாள். அக்காவுக்கு அதில் மகிழ்ச்சிதான். மாமாவுக்குத்தான் அங்கே லிப்ட் மெதுவாகப் போகிறது என்று குறை.

ஆனால் காலம் போகப் போக அவளுக்குக் கால் தரையில் பாவவில்லை என்பதும் உண்மை. போன் செய்தால் எடுப்பதில்லை. அக்காவின் பிறந்தநாளுக்கு வருகிறேன் என்றாள், வரவில்லை. மூன்று நாள் கழித்துப் பெரிய பூங்கொத்து வந்தது. "இதைச் சமைச்சா சாப்பிட முடியும்?" என்றாள் அக்கா. இருந்தாலும் மாதத்துக்கு ஒரு நாளாவது சலவைக்கூடத்துக்கு வந்துவிடுவாள். உலர்ந்த போர்வையின் சூட்டில் முகத்தைப் புதைத்துக்கொள்ளாவிட்டால் அவளுக்கு ஏதோ ஒன்று குறையும்.

அப்படி வந்த ஒரு நாளில்தான் அக்கா கவனித்தாள். பெரிய போர்வையை இரண்டு பேர் எதிரெதிரே நின்று மடிக்க வேண்டும். உதறி, முனையை எறிவாள் ஒருத்தி, பிடிப்பாள் மற்றவள். இருவரும் ஆயிரக்கணக்கில் மடித்திருக்கிறார்கள், பேச்சு நிற்காமலே. அன்று தங்கையின் இடப்பக்கம் போன முனை கீழே விழுந்தது. சிரித்துக்கொண்டே எடுத்தாள். அடுத்ததும் விழுந்தது. மூன்றாவதை அக்கா வேண்டுமென்றே இடப்பக்கமாக எறிந்தாள். தங்கையின் கை அதைப் பிடிக்கவே போகவில்லை.

"என்னடி ஆச்சு கண்ணுக்கு?"

"ஒண்ணும் இல்ல. தூக்கம் சரியில்ல."

அக்கா விடவில்லை. துணி வைக்கும் அறைக்கு இழுத்துப் போய்க் கதவைச் சாத்தினாள். அரை மணி நேரத்தில் எல்லாம் வெளியே வந்தது. இடது கண்ணில் சில நாளாக மின்னல் வெட்டுகிறது. ஓரத்தில் கறுப்புத் திரை தொங்குகிற மாதிரி இருக்கிறது. மூன்று வாரத்தில் உலகப் பட்டத்துக்கான சண்டை. மருத்துவச் சோதனையில் எப்படித் தேறினாள் என்றால், நல்ல கண்ணால் எழுத்து அட்டையை மேலிருந்து கீழ்வரை மனப்பாடம் செய்துவிட்டாளாம்.

"பள்ளிக்கூடத்துல ஒரு பாட்டு மனப்பாடம் பண்ணச் சொன்னா உனக்குக் காய்ச்சல் வரும்!" என்றாள் அக்கா.

"இந்த ஒரு சண்டைதான் அக்கா. முடிஞ்சதும் காட்டிக்கிறேன். யார்கிட்டயும் சொல்லாதே."

"கண் கெட்ட பிறகு எதுக்குடி சூரிய நமஸ்காரம்?"

"நீ சொன்னா நான் செத்தாலும் உன்கூடப் பேசமாட்டேன்."

அக்கா ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு நேராக நாலாவது மாடிக்கு, கண் டாக்டர் அம்மாவிடம் போனாள். மாமா லிப்டில் ஏதோ கேட்டார். அவள் மாடி எண்ணையே பார்த்துக்கொண்டு நின்றாள். அன்று மாலையே டாக்டர் சுண்டெலியைக் கையைப் பிடித்து உட்கார வைத்துப் பார்த்தார். விழித்திரை கழன்றுகொண்டிருந்தது. இன்னும் ஒரு குத்து விழுந்திருந்தால் கண் போயிருக்கும். குத்துச்சண்டை வாரியத்துக்குச் சேதி போனது, உரிமம் நிறுத்தப்பட்டது, மறுநாள் காலையில் அறுவைச் சிகிச்சை.

"நீ அக்காவா, இல்ல உளவாளியா?" என்று தங்கை கேட்டாள். பிறகு சொன்னபடியே வாயை மூடிக்கொண்டாள்.

சிகிச்சை முடிந்ததும் டாக்டர் ஒரு குண்டைத் தூக்கிப் போட்டார். "கண்ணுக்குள்ள ஒரு காற்றுக் குமிழ் வச்சிருக்கேன். அது விழித்திரையை அழுத்திப் பிடிக்கணும்னா, பத்து நாள் நீங்க குப்புறத்தான் படுக்கணும். தலையைத் தூக்கக் கூடாது."

அக்கா வீட்டிலேயே ஏற்பாடானது. நீளமான பெஞ்சில் மெத்தை. முனையில் துண்டைச் சும்மாடு மாதிரிச் சுருட்டி வைத்து அதுதான் நெற்றிக்குத் தாங்கல். கண்ணுக்குத் தெரிவது சிமெண்டுத் தரை மட்டும். சாம்பியன் இரண்டு நாள் அந்தத் தரையைப் பார்த்துக்கொண்டு ஊமையாகக் கிடந்தாள். அக்கா ஊட்டினால் சாப்பிடுவாள், பேசமாட்டாள்.

மூன்றாம் நாள் அக்கா ஒரு பாயை உருட்டிக்கொண்டு வந்தாள். பெஞ்சுக்கு அடியில் விரித்து, மல்லாக்கப் படுத்து, நகர்ந்து நகர்ந்து தங்கையின் முகத்துக்கு நேர் கீழே வந்து சேர்ந்தாள். இருவர் முகத்துக்கும் நடுவில் ஒரு முழ தூரம். தங்கைக்குத் திரும்ப வழியில்லை. கட்டுப் போடாத ஒரு கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

"தூங்குற மாதிரி நடிக்காதே. இமை துடிக்குது."

தங்கை இமையை இன்னும் இறுக்கினாள்.

"பேச வேண்டாம். நான் இப்படியே கிடக்கேன். இன்னிக்கு எனக்கு லீவுதான்."

தங்கையின் மூக்கிலிருந்து ஒரு சொட்டு நேராக அக்காவின் நெற்றியில் விழுந்தது.

"சனியனே! மூக்கு ஒழுகுதுடி!"

மூடிய கண் திறந்தது. உதடு கோணியது. தங்கைக்கு அடக்க முடியவில்லை. பெஞ்சு அதிரச் சிரித்தாள். "தலையைத் தூக்காதே, தலையைத் தூக்காதே!" என்று கீழே இருந்து இரண்டு கையாலும் அவள் கன்னத்தைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு அக்காவும் சிரித்தாள். சிரிப்பு எந்த இடத்தில் அழுகையானது என்று இருவருக்கும் தெரியவில்லை.

"பதினேழு பேர்கூடச் சண்டை போட்டேன் அக்கா. ஒருத்தியும் என்னைக் குப்புறப் போடல. நீதான் போட்டே."

"அதுவும் கையை ஓங்காம!" என்றாள் அக்கா, கண்ணைத் துடைத்துக்கொண்டே.

அதன் பிறகு அந்த வீடு திருவிழா ஆகிவிட்டது. பார்க்க வருகிறவர்கள் முகத்தைப் பார்த்துப் பேச வேண்டுமானால் பாயில்தான் படுக்க வேண்டும். மாமா படுத்துக்கொண்டே உறிஞ்சு குழலில் தேநீர் கொடுத்தார். மாஸ்டர் ஆம்புலன்ஸ் சீருடையோடு படுத்தார். படுத்தவர் ஐந்தே நிமிடத்தில் குறட்டை விட்டார். பத்திரிகையிலிருந்து வந்த பெண்ணும் புகைப்படக்காரரும் பக்கத்தில் பக்கத்தில் படுத்துப் பேட்டி எடுத்தார்கள். கீழேயிருந்து எடுத்த அந்தப் படம் முதல் பக்கத்தில் வந்தது. ஒரு கண்ணில் கட்டு, தொங்கும் கன்னம், வாய் நிறையச் சிரிப்பு. பட்டம் வாங்கிய படத்தைவிட இதுதான் நல்லா இருக்கு என்று சலவைக்கூடத்தில் வெட்டி ஒட்டினார்கள்.

கண் பிழைத்தது. ஆனால் இனி ஒருபோதும் மேடையில் சண்டை போடக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். பட்டத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வந்த அன்று அவள் ஆறாவது மாடி வீட்டைக் காலி செய்தாள். அக்கா வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி, தரைத்தளத்தில் ஒரு வீடு பிடித்தாள். சில வாரம் எதிலும் மனம் ஒட்டவில்லை. கை தானாக மூடித் திறக்கும். அக்கா கூடவே உட்கார்ந்திருந்தாள்.

ஒருநாள் மாஸ்டரோடு ஒரு போட்டியைப் பார்க்கப் போனாள். நடுவர் ஒரு தவறான குத்தைக் கவனிக்காமல் விட்டார். சுண்டெலி இருக்கையைவிட்டு எழுந்து கத்தினாள். "முழங்கையில இடிக்கிறா! பாக்கலையா நீங்க?" மாஸ்டர் சட்டையைப் பிடித்து உட்கார வைத்தார்.

"அவ்வளவு தெரிஞ்சா நீயே நடுவரா போயேன்."

கோபத்தில் சொன்ன சொல்தான். அவள் மறுநாளே விண்ணப்பம் வாங்கிவந்துவிட்டாள்.

எழுத்துத் தேர்வில் முதல் தடவை கோட்டை விட்டாள். "போட்டியாளர் நடுவரை அடித்தால் என்ன செய்ய வேண்டும்?" என்ற கேள்விக்கு, "முதலில் நடுவர் மேல் என்ன தப்பு என்று பார்க்க வேண்டும்" என்று எழுதியிருந்தாள். அக்கா விதிப்புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு போர்வை மடிக்கும்போதெல்லாம் கேள்வி கேட்டாள். இரண்டாம் தடவை தேறினாள். கண் சோதனைக்குப் போனபோது இவளாகவே சொன்னாள்: "டாக்டர், இந்த அட்டை எனக்குத் தலைகீழா தெரியும். வேற அட்டை போடுங்க." டாக்டர் சிரித்து வயிற்றைப் பிடித்துக்கொண்டார். புது அட்டையைச் சிரமப்படாமல் படித்தாள்.

நடுவராக அவளுக்கு முதல் போட்டி ஒரு சிறிய அரங்கத்தில். வெள்ளைச் சட்டை, கறுப்பு வில்முடிச்சு. சட்டையை அக்கா மூன்று தடவை இஸ்திரி போட்டிருந்தாள். மேடை ஏறியதும் அரங்கமே "சுண்டெலி! சுண்டெலி!" என்று அதிர்ந்தது. சண்டை போட வந்த இரண்டு பெண்களும் யாருக்குக் கைதட்டல் என்று தெரியாமல் முழித்தார்கள். அவள் உதட்டில் விரலை வைத்து, பிறகு அந்த இருவரையும் காட்டினாள். கூட்டம் அடங்கியது.

இரண்டாவது சுற்றில், பிடித்துக்கொண்டு விடாத ஒருத்திக்குப் புள்ளி குறைத்தாள். உடனே ஒரு பகுதிக் கூட்டம் எழுந்து வசை பாடியது. "நடுவருக்குக் கண்ணு தெரியலையா?" என்று ஒரு ஆள் கத்தினான். முன்வரிசையில் உட்கார்ந்திருந்த அக்கா திரும்பி எழுந்து நின்றாள். இடுப்பில் கை.

"நல்லாவே தெரியும்! டாக்டர் சர்டிபிகேட் இருக்கு, காட்டவா?"

மேடையில் சுண்டெலி உதட்டைக் கடித்துக்கொண்டாள். நடுவர் சிரிக்கக் கூடாது.

ஆறு சுற்றும் முடிந்து முடிவு அறிவித்தார்கள். இரண்டு பெண்களின் மணிக்கட்டையும் பிடித்துக்கொண்டு நடுவில் நின்றாள். நீலச் சட்டைப் பெண் வென்றதாகச் சொன்னதும் அந்தக் கையை உயர்த்தினாள். ஜெயித்தபோதெல்லாம் இரண்டு கையையும் தூக்கிய பழக்க தோஷம், அவளுடைய மற்றக் கையும் கூடவே மேலே போய்விட்டது. தோற்ற பெண்ணின் கையும் அதோடு உயர்ந்துவிட்டது. இரண்டு பெண்களும் ஒருவரையொருவர் பார்த்து, கையுறையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். அரங்கம் முழுக்கச் சிரித்தது. சுண்டெலிக்கு முகம் சிவந்தது.

"மன்னிச்சுக்கோங்க," என்றாள் இரண்டு பெண்களுக்கும் அரங்கத்துக்கும் சேர்த்து. இரண்டு கையையும் உடனே இறக்கவில்லை.